வாளேந்திய பெண்கள்

2004இல் ஜப்பானில் வெளிவந்த ‘ஃபேட்/ஸ்டே நைட்’, வாசித்துக்கொண்டே ஆடும் கதை விளையாட்டு. அதன் வீராங்கனை சேபர்தான் ஆர்தர் மன்னர். பெண் என்பதை மறைத்து நாடாண்டவர். வெறும் கற்பனை என்றுதான் நினைத்தேன்.

ஆனால் அதே ஜப்பானில், 1868இல் நடந்த ஐசு போரில், பெண்களைப் படையில் சேர்க்க அதிகாரிகள் மறுத்தனர். நகானோ தகேகோ கேட்கவில்லை. நாகினாதா என்னும் நீண்ட பிடியுள்ள வாளேந்தி, பெண்களைத் திரட்டிக் களமிறங்கினார். குண்டு பாய்ந்தது. தன் தலை எதிரி கையில் சிக்கக்கூடாதென்று, அதை வெட்டி எடுத்துப் போகும்படி தங்கை யூகோவிடம் வேண்டினார். வயது 21.

ஒருவர் பெண் என்பதை மறைத்தால்தான் அரியணை. மற்றவருக்குப் பெண் என்பதால் படையில் இடமில்லை. கற்பனைக்கும் வரலாற்றுக்கும் வலி ஒன்றுதான். விளையாடும் பிள்ளைகளிடம் தகேகோவின் பெயரையும் சொல்லுங்கள்.