சிதறியதைச் சேர்த்த தமிழர்

கண்ணாற் கண்டவர் மறைந்தபின் ஒரு நிகழ்ச்சிக்கு உயிர் தருவது சான்று ஒன்றே. அச்சான்றைத் தேடிச் சேர்ப்பார் இல்லையேல், பெருநிகழ்ச்சியும் இரண்டு தலைமுறைக்குள் செவிவழிக் கதையாகிவிடும். இவ்வுண்மையை உணர்ந்து உலகெங்கும் அலைந்தவர் ஏ. கே. செட்டியார்.

1911-இல் செட்டிநாட்டுக் கோட்டையூரிற் பிறந்த இவர், இரங்கூனில் 'தனவணிகன்' இதழின் ஆசிரியராயிருந்தார். பின்னர் ஜப்பானிலும் அமெரிக்காவிலும் ஒளிப்படக் கலை பயின்றார். 'மலேயா முதல் கனடா வரை' என்னும் பயண நூலை எழுதியவரும் இவரே.

1937 அக்டோபர் 2-ஆம் நாள் நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலிற் சென்றுகொண்டிருந்தார். அன்று காந்தியடிகளின் பிறந்த நாள். அடிகளின் வாழ்வைச் செய்திப்படமாக்க வேண்டும் என்னும் எண்ணம் அக்கப்பலிலே பிறந்தது. அப்போது அவருக்கு வயது இருபத்தைந்து.

நடிகர்க்கு வேடமிட்டுக் கதைப்படம் எடுத்தல் எளிது. செட்டியார் விரும்பியதோ மெய்க்காட்சி. தண்டி யாத்திரை 1930-லேயே முடிந்துவிட்டது. அதனை மீண்டும் நடத்தச் சொல்ல இயலுமோ? அன்று படம் பிடித்தவரைத் தேடிச் செல்வதே வழி. ஆகவே நான்கு கண்டங்களில் ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் பயணம் செய்தார். முப்பது ஆண்டுக் காலத்தில் நூறு பேர் அளவில் எடுத்த காட்சிகளைத் திரட்டினார். சேர்ந்த சுருளின் நீளம் 50,000 அடி. பேசும்படத்தின் வேகத்தில் ஓட்டினால் ஒன்பது மணி நேரத்திற்கு மேல் ஓடும்!

அவற்றிலிருந்து 12,000 அடியைத் தேர்ந்து, தமிழ் விளக்கவுரையுடன் 1940 ஆகஸ்ட் 23-இல் வெளியிட்டார். ஆங்கிலேயர் ஆட்சி நடந்த காலம் அது. அரசின் ஆதரவை எதிர்பார்த்தல் எங்ஙனம்? தேடிய கதையைப் பின்னர்க் கட்டுரைகளாக எழுதியபோதும் தம்மைப் பின்னிறுத்திக் கொண்டார். அவையே 'அண்ணல் அடிச்சுவட்டில்' என நூலாயின.

எனினும் சிதறியதைச் சேர்த்தவரின் படமே பின்னர்ச் சிதறிற்று. தமிழ்ப் படம் பல்லாண்டுகள் கைக்கு எட்டாமற் போயிற்று. செட்டியாரும் 1983-இல் மறைந்தார். 1953-இல் அமெரிக்காவில் உருவான ஆங்கிலச் சுருக்கம், 2006-இல் அந்நாட்டுப் பல்கலைக்கழகம் ஒன்றிற் கண்டெடுக்கப்பட்டது. அதனையும் ஒருவர் தேடிச் சென்றமையால் அன்றோ நாம் பெற்றோம்?

நான் முன்பு பணியேற்ற தோட்டப் பள்ளியொன்றில், பழைய வருகைப் பதிவேடுகளைக் கறையான் தின்றிருக்கக் கண்டேன். முதன்முதலில் அங்கே எழுத்தறிந்த பிள்ளைகளின் பெயர்கள் மண்ணோடு மண்ணாயின. அவற்றை மீட்க எந்த நாட்டிற்குச் சென்று தேடுவது? ஆசிரிய நண்பர்களே, நம் பள்ளி அலமாரியைத் திறக்க ஒரு லட்சம் மைல் செல்ல வேண்டுவதில்லை. எஞ்சியிருக்கும் பதிவேட்டையும் படத்தையும் இன்றே எடுத்துக் காப்போமாக.