பார்சல் கட்டணத்துக்கு ஒரு சினிமா

தபால் ஆபீஸில் பார்சல் கவுண்டரில் பல வருஷம் உட்கார்ந்தவன் நான். கட்டண அட்டவணையைச் சுவரில் ஒட்டியிருப்போம். யாரும் படிக்க மாட்டார்கள். "எவ்வளவு சார் ஆகும்?" என்று நேராகக் கேட்பார்கள். அந்த அட்டவணையைச் சொல்ல ஒருவர் கேமராவே இல்லாமல் சினிமா எடுத்திருக்கிறார். சமீபத்தில்தான் யூடியூபில் பார்த்தேன்.

அவர் லென் லை. 1901-ல் நியூசிலாந்தில் பிறந்தவர். 1926-ல் கப்பலில் கரி வேலை பார்த்தபடி லண்டன் வந்து சேர்ந்தார். கேமராவுக்குக் காசில்லை. அதனால் பிலிம் சுருள் மேலேயே வர்ணம் பூச ஆரம்பித்தார்.

பிலிம் விநாடிக்கு 24 கட்டம் ஓட வேண்டும், நிமிஷத்துக்கு 1,440. ஒவ்வொன்றாக வரைந்தால் கண் போய்விடும். லை கட்டத்தைப் பற்றிக் கவலைப்படவே இல்லை. சுருளின் நீளவாக்கில் தூரிகையை இழுத்துக்கொண்டே போனார். ஈர வர்ணத்தின் மேல் சீப்பை வைத்து இழுத்தார். கோடு கட்டத்துக்குக் கட்டம் மயிரிழை விலகியிருக்கும் அல்லவா? திரையில் அது நடுங்கும், துள்ளும்.

இதற்குப் பணம் கொடுத்தது பிரிட்டிஷ் தபால் இலாகா! அதன் படப் பிரிவை நடத்திய ஜான் கிரியர்சன், முடிவில் பார்சல் விளம்பரம் வர வேண்டும் என்பதோடு சரி, மற்றபடி அவர் இஷ்டத்துக்கு விட்டுவிட்டார். எங்கள் ஆபீஸாக இருந்தால், 'எந்தத் தலைப்பில் செலவு எழுதுவது?' என்று ஃபைல் திரும்பி வந்திருக்கும்.

1935-ல் வந்த அந்தப் படம் 'எ கலர் பாக்ஸ்'. நாலு நிமிஷம்கூட இல்லை. கியூபா வாத்தியக் குழுவின் நடன இசைக்கு வர்ணங்கள் ஆடுகின்றன. கதை, மனிதர் யாரும் கிடையாது. கடைசியில் எடையும் கட்டணமும் எழுத்தாக வருகின்றன. பிரஸ்ஸல்ஸ் விழாவில் எந்தப் பிரிவிலும் இதை அடக்க முடியாமல், புதிதாக ஒரு பரிசையே உண்டாக்கிக் கொடுத்தார்கள்.

இதைப் பார்த்து மயங்கிய நார்மன் மெக்லாரன், பிறகு கனடா அரசின் படநிறுவனத்தில் சேர்ந்து, 1949-ல் ஆஸ்கர் பீட்டர்சனின் பியானோவுக்கு எவலின் லாம்பர்ட்டோடு பிலிமில் வர்ணம் தீட்டினார். அவருக்கு மாதச் சம்பளம் இருந்தது.

லை 1944-ல் நியூயார்க் போனார். அங்கே கிரியர்சன் மாதிரி யாரும் இல்லை. கறுப்பு பிலிமை ஊசியால் கீறி 'ஃப்ரீ ராடிகல்ஸ்' செய்தார். 1958-ல் மறுபடி பிரஸ்ஸல்ஸில் இரண்டாம் பரிசு. அதற்குப் பிறகும் பணம் போட ஆள் வரவில்லை. வெறுத்துப்போய்ப் படத்தை விட்டுவிட்டு, எஃகுத் தகடுகளில் அசையும் சிற்பங்கள் செய்யப் போய்விட்டார்.