பெனின் சிற்பங்களும் அவற்றைச் செய்த கைகளும்

ஆப்பிரிக்கா என்றதும் பலருக்கும் நினைவுக்கு வருவது காடும் விலங்குகளும்தான். ஆனால் 15ஆம் நூற்றாண்டின் இறுதியில் போர்த்துகீசியர்கள் வந்து இறங்கியபோதே, இன்றைய நைஜீரியாவின் தென்பகுதியில் பெனின் என்ற வலிமையான அரசு இருந்தது. (பக்கத்தில் இருக்கும் பெனின் நாடு வேறு!) அந்த அரசின் பெருமை அதன் உலோகச் சிற்பங்கள்.

இவற்றை "பெனின் வெண்கலங்கள்" என்று உலகம் அழைத்தாலும் பெரும்பாலானவை பித்தளை. செய்யும் முறை நம் சுவாமிமலை ஸ்தபதிகளும் கையாளும் மெழுகு வார்ப்பு முறைதான். களிமண் கருவின் மேல் மெழுகில் உருவம் செய்து, அதன் மேல் மீண்டும் களிமண் பூசி, சூடாக்கி மெழுகை வடித்துவிட்டு, அந்த இடத்தில் உருக்கிய உலோகத்தை ஊற்றுவார்கள். பிறகு அச்சை உடைக்க வேண்டும். அதனால் ஒரு சிற்பம் போல இன்னொன்று இருக்காது.

பித்தளை எங்கிருந்து வந்தது? மிளகு, தந்தம், அடிமைகள் ஆகியவற்றுக்கு விலையாக ஐரோப்பியர்கள் கொடுத்த "மணிலா" என்ற வளையங்களை உருக்கினார்கள். அந்தப் பித்தளையில் பெரும்பகுதி ஜெர்மனியின் ரைன் பகுதியைச் சேர்ந்தது என்று 2023இல் வெளிவந்த ஓர் ஆய்வு காட்டியது.

வார்ப்பவர்கள் இகுன் தெருவில் பரம்பரையாக வாழ்ந்தவர்கள். அவர்களுக்கு ஒரே வாடிக்கையாளர் 'ஓபா' எனப்படும் மன்னர்.

1897 பிப்ரவரியில் எல்லாம் தலைகீழானது. ஜனவரியில் ஓர் ஆங்கிலேய அதிகாரியின் குழு கொல்லப்பட்டதற்குப் பழிவாங்க, பிரிட்டிஷ் படை நகரைப் பிடித்தது. அரண்மனை எரிந்தது. மன்னர் ஓவன்ராம்வென் நாடு கடத்தப்பட்டார். ஆயிரக்கணக்கான கலைப்பொருட்கள் கப்பலேறி ஐரோப்பிய அருங்காட்சியகங்களுக்குப் போய்ச் சேர்ந்தன. சிற்பிகளோ தங்கள் ஒரே வாடிக்கையாளரை இழந்தார்கள்.

1914இல் அவருடைய மகன் இரண்டாம் எவேகா மன்னரானார். தானே ஒரு கைவினைஞரான அவர், சிற்பிகள் வெளியாருக்கும் விற்க வழி செய்தார். அதனால்தான் கலை பிழைத்தது.

பொருட்களின் கதை வேறு. 1950களின் தொடக்கத்தில் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்திடமிருந்து சில பலகைகளை நைஜீரியா விலை கொடுத்து வாங்க வேண்டியிருந்தது. தன் வீட்டுப் பொருளையே தான் காசு கொடுத்து வாங்குவது எவ்வளவு பெரிய கொடுமை! 1977இல் லாகோஸில் நடந்த ஆப்பிரிக்கக் கலை விழாவுக்கு இடியா அரசியின் தந்த முகமூடிதான் சின்னம். ஆனால் அதை இரவலாகத் தரக்கூட லண்டன் மறுத்துவிட்டது.

சமீப காலத்தில் காற்று திசை மாறியிருக்கிறது. 2022இல் ஜெர்மனி ஆயிரத்துக்கும் மேற்பட்ட பொருட்களின் உரிமையை மாற்றித் தர ஒப்புக்கொண்டது. 2025இல் நெதர்லாந்து 119 பொருட்களைத் திருப்பியது. 900க்கும் மேற்பட்டவற்றை வைத்திருக்கும் பிரிட்டிஷ் அருங்காட்சியகமோ 1963ஆம் ஆண்டுச் சட்டத்தைக் காரணம் காட்டுகிறது.

2021இல் பெனின் நகரக் கலைஞர்கள் ஒரு காரியம் செய்தார்கள். பழையவற்றைத் திருப்பித் தாருங்கள், நாங்கள் செய்த புதியவற்றைத் தருகிறோம் என்று அந்த அருங்காட்சியகத்துக்கே சொன்னார்கள். அவற்றில் பெரிய வெண்கலப் பலகைகளோடு, ஸ்பார்க் பிளக்குகளால் ஆன ஒரு செம்மறிக் கிடாவும் இருந்தது.

அதன் பொருள் என்ன? இந்தக் கலை செத்துப்போய்க் கண்ணாடிப் பெட்டிக்குள் இருப்பதல்ல, செய்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள் என்பதே. பழைய சிற்பம் கோடிகளுக்கு ஏலம் போகிறது. அதே தெருவின் இன்றைய சிற்பமோ சுற்றுலாப் பயணியின் நினைவுப் பொருளாகிறது. சிற்பங்கள் வீடு திரும்புவது நீதி. செய்யும் கைகளுக்கு உரிய விலை கிடைப்பதும் அந்த நீதியில் சேர்ந்ததுதான்.