பொன்னேர் பூட்டுதல்

சித்திரை முதல் நாளிலோ, அம்மாதத்தில் ஊர் கூடிக் குறிக்கும் நல்ல நாளிலோ ஆண்டின் முதல் உழவைத் தொடங்கும் தமிழ்நாட்டு வேளாண் சடங்கு. நல்லேர் பூட்டுதல் என்றும் சொல்வர்.

பெயரிலுள்ள பொன்னை நகைக்கடையில் தேட வேண்டியதில்லை. சித்திரைப் புழுதியைப் பத்தரை மாற்றுத் தங்கம் என்பார்கள் உழவர்கள். கோடையில் உழுதுபோட்டால் கோரைக்கிழங்கு மேலே வந்து காயும். மண்ணுக்குள் கிடக்கும் கூட்டுப்புழுக்கள் கொக்குக்கும் மைனாவுக்கும் இரையாகும். கோடைமழை ஓடிவிடாமல் உள்ளே இறங்கும். இந்த வேலைக்கு நாள் குறிக்கப்போய்ச் சடங்கு பிறந்தது என்று கொள்வதே பொருத்தம்.

ஏருக்கு மங்கலம் பாடிய வழக்கம் மிகப் பழையது. சிலப்பதிகாரத்தின் நாடுகாண் காதையில், காவிரிக்கரை வழியே நடக்கும் கோவலனும் கண்ணகியும் கேட்கும் பாட்டுகளில் ஏர்மங்கலமும் ஒன்று. அறுகும் குவளையும் நெற்கதிரும் சேர்த்துத் தொடுத்த மாலையை ஏருக்குச் சூட்டி, அதன் முன் நின்று பாடுகிறார்கள். கம்பர் பெயரால் வழங்கும் ஏரெழுபதோ கொழு, மேழி, நுகம், பூட்டுக்கயிறு என்று கலப்பையைக் கழற்றிக் கழற்றிப் புகழ்கிறது. தச்சனுக்கும் கொல்லனுக்கும் கூடப் பிடித்திருக்கும் நூல். தமிழ் நூல்களுக்கு வெளியே, புத்தரின் தந்தை சுத்தோதனர் ஏர் பிடித்த விழாவைப் பௌத்தக் கதைகள் சொல்கின்றன. அங்கே மேழி அரசன் கையில். தமிழ் ஊர்களில் அது ஊர்ப் பெரியவர் கையில்.

விடியற்காலையில் மாடுகளைக் குளிப்பாட்டி, கொம்புக்கு மஞ்சளும் குங்குமமும் வைப்பார்கள். கோயில் முன்போ பொதுநிலத்திலோ ஏர்களை வரிசையாக நிறுத்தி, தேங்காய் உடைத்து, காப்பரிசி படைப்பார்கள். முன்னத்தி ஏர் முதல் சால் போட, மற்றவை பின்தொடரும். நவதானியம் தூவிச் சில சால் உழுது திரும்புகிறவர்கள் மேல் பெண்கள் மஞ்சள் நீர் ஊற்றுவார்கள்.

முன்னத்தி ஏர் யாருடையது என்பதில் ஊரின் படிநிலை தெரிந்துவிடும். காவிரிப் படுகையில் நிலம் மிராசுதாருடையதாகவும் உழைப்பு பண்ணையாளுடையதாகவும் இருந்தன. 1952-இல் தஞ்சாவூர்ப் பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்த பிறகே அந்த உறவு இளகத் தொடங்கியது.

தூத்துக்குடி மாவட்டக் கரிசல் ஊர்களில் சடங்கு இன்னும் நடக்கிறது. உழவு மாடு அருகிவிட்டதால் ஒன்றிரண்டு சோடிக்குப் பின்னால் டிராக்டர்கள் அணிவகுக்கின்றன. மாட்டின் கொம்புக்கு வைத்த மஞ்சளும் குங்குமமும் இப்போது என்ஜின் மூடியில்.