புல்லை முடிந்து வைத்தவர்கள்

சவ்வாது மலையில் பிறக்கும் செய்யாறு செங்கத்தைத் தொட்டு ஓடுகிறது. அச்செங்கமே மலைபடுகடாம் கூறும் நன்னனின் செங்கண்மா என்பர் அறிஞர். பெருங்கௌசிகனார் பாடிய இப்பாட்டின் 583 அடிகளும், பரிசில் பெற்று மீளும் கூத்தன் ஒருவன் எதிர்வரும் கூத்தர்க்கு வழிசொல்வதாக அமைந்தவை. வழிகாட்டியை அமர்த்திக்கொண்டு மலையேறும் இந்நாளில், அவனையும் உடனழைத்துச் செல்லலாம்.

பன்றிப் பொறிகள் உண்டு, விடிந்தபின் நடங்கள் என்கிறான். யானையை விரட்டப் புனங்காவலர் எறியும் கவண்கல்லுக்கு மரத்தில் மறையச் சொல்கிறான். நடுகற்களைக் கண்டால் இசைத்துவிட்டுக் கடக்கச் சொல்கிறான். அது வெறுங்கற்பனையன்று, செங்கம் வட்டார நடுகற்களைத் தமிழகத் தொல்லியல் துறை 1972இல் நூலாகவே வெளியிட்டது. எனக்குப் பெரிதாகப் படுவது இன்னொன்று. வழி பிரியுமிடத்தில், பின்வரும் புதியவர் தடுமாறாதிருக்கப் புல்லை முடிந்து வைத்துச் செல்லுங்கள் என்கிறான். வழி கேட்டவனையே வழிகாட்டியாக்கிவிடுகிறான்!

சில ஆண்டுகளுக்குமுன் பங்கு இளைஞருடன் சமுனாமரத்தூரிலிருந்து நடந்தேன். எங்களை அழைத்துச் சென்ற மலையாளிப் பழங்குடி இளைஞர், பாதை பிரியுமிடத்தில் நின்றார். குனிந்து, புதரில் சிக்கியிருந்த நெகிழிப் பைகளை ஒவ்வொன்றாய் எடுத்தார். எங்களுக்குமுன் வந்தோர் வைத்துப்போன அடையாளம் அவைதாம்.