நெவில் வின்சென்டும் கராச்சி–சென்னை விமானத் தபாலும்

இந்திய வணிக விமானப் போக்குவரத்தின் தோற்றம் பெரும்பாலும் ஜே.ஆர்.டி. டாட்டாவின் பெயரோடு மட்டுமே சேர்த்துச் சொல்லப்படுகிறது. அதன் முதல் திட்டத்தை வகுத்து, அதைச் செயலாக்கும் பொறுப்பையும் ஏற்ற நெவில் வின்சென்டுக்கு அவ்வரலாற்றில் உரிய இடம் கிடைத்ததாகக் கூற இயலாது. 1902-இல் தென்னாப்பிரிக்காவில் பிறந்து, பிரிட்டிஷ் விமானப்படையில் பணியாற்றிய வின்சென்ட், 1920-களின் இறுதியில் நியூவால் என்ற நண்பருடன் பழைய டி.எச். 9 ரகப் போர் விமானங்களில் இந்தியா வந்து, கட்டணம் பெற்று மக்களை வானில் சுற்றிக்காட்டியும், நில அளவைக்காகப் பறந்தும் பிழைப்பு நடத்தினார்.

பிரிட்டனின் இம்பீரியல் ஏர்வேஸ் நிறுவனம் லண்டனிலிருந்து கொண்டுவந்த தபால் கராச்சியில் இறங்கியதும் ரயிலுக்கு மாறியதால், வானில் மிச்சப்பட்ட நாட்கள் தண்டவாளத்தில் வீணாயின. அக்கடிதங்களைக் கராச்சியிலிருந்தே சிறு விமானத்தில் ஏற்றி, அகமதாபாத், பம்பாய், பெல்லாரி வழியாகச் சென்னைக்குக் கொண்டுசெல்லலாம் என்பதே வின்சென்டின் யோசனை. முதலில் தயங்கிய டாட்டா குழுமத் தலைவர் சர் தோராப்ஜி டாட்டா, குழுமத்தின் மூத்த நிர்வாகி ஜான் பீட்டர்சன் எடுத்துச் சொன்ன பின்னரே சுமார் இரண்டு லட்ச ரூபாய் முதலீட்டுக்கு இசைந்தார். அரசோ மானியம் தர மறுத்தமையால், அதனுடனான தபால் ஒப்பந்தம் கையெழுத்தாவதற்கே 1932 வரை காத்திருக்க வேண்டியதாயிற்று.

1932 அக்டோபர் 15 அன்று, மூடிய அறையும் ஒற்றை எஞ்சினும் கொண்ட சிறிய புஸ் மாத் விமானத்தைக் கராச்சியிலிருந்து பம்பாயின் ஜுஹூ வரை ஜே.ஆர்.டி. ஓட்டிவந்தார், வழியில் அகமதாபாத்தில் அதற்கான பெட்ரோல் மாட்டுவண்டியில் வந்து சேர்ந்தது. பம்பாயில் பொறுப்பேற்ற வின்சென்ட், இரவில் பறக்க வழிகாட்டும் விளக்குகள் இல்லாத காரணத்தால் பெல்லாரியில் தங்கி, மறுநாள் சென்னையை அடைந்தார். ஜுஹூ நிலையம் கடலோரச் சேற்றுநிலம் என்பதால், மழைக்காலத்தில் அது நீரில் மூழ்கியபோது டாட்டாவின் விமான நிறுவனம் முழுவதையும் பூனாவுக்கு மாற்ற நேர்ந்தது.

இம்முயற்சியைத் தாங்கியது தபாலே என்பதை முதலாண்டுக் கணக்கு தெளிவாகக் காட்டுகிறது: ஏறத்தாழ 10 டன் தபாலைச் சுமந்து 60,000 ரூபாய் லாபம் ஈட்டிய அந்நிறுவனத்தில் அவ்வாண்டு பயணம் செய்தோர் 155 பேர் மட்டுமே, அதாவது இன்றைய நடுத்தர விமானம் ஒன்றை ஒருமுறை நிரப்பவும் போதாத எண்ணிக்கை. வானில் பறக்கும் வசதியை விற்பதைக் காட்டிலும் நேரத்தை விற்பதே அக்காலத்துக்கு ஏற்ற வணிகம் என்ற வின்சென்டின் கணிப்பு சரியாகவே இருந்தது. 1935-இல் கோவா, கண்ணனூர் வழியாகத் திருவனந்தபுரத்துக்கும், 1938-இல் கொழும்புக்கும் சேவை நீண்டது.

இரண்டாம் உலகப்போரின்போது இந்தியாவிலேயே விமானம் கட்டும் தொழிற்சாலை ஒன்றை நிறுவ டாட்டா குழுமம் திட்டமிட்டது. அம்முயற்சியில் முனைந்திருந்த வின்சென்ட், 1942-இல் பயணம் செய்த பிரிட்டிஷ் போர்விமானம் பிரெஞ்சுக் கடலோரத்தில் சுட்டு வீழ்த்தப்பட்டதில் உயிரிழந்தார். அவர் தொடங்கிவைத்த தபால் சேவை, 1946-இல் ஏர் இந்தியா என்ற பெயரில் பொதுப்பங்கு நிறுவனமாயிற்று.