கைதின்போது பொலிஸார் மீது கை ஓங்கினால்...

நோர்வூட் போன்ற பெருந்தோட்டப் பகுதிகளில் ஒருவரைக் கைது செய்யப் பொலிஸார் லயன் வாசலுக்கு வந்தால், அது அவ்விரு தரப்பினரோடு மட்டும் நின்றுவிடுவதில்லை. உறவினரும் அயலவரும் திரண்டுவிடுகின்றனர். வாய்த்தர்க்கம் தள்ளுமுள்ளாக மாறுகின்றது. சாதாரண முறைப்பாடொன்றில் தொடங்கிய விவகாரம், கடமையிலிருந்த உத்தியோகத்தரைத் தாக்கிய வழக்காகி நீதிவான் முன்னிலைக்குச் சென்றுவிடுகின்றது. தோட்டத் தொழிலாளராயினும் நகர வர்த்தகராயினும், தமிழராயினும் முஸ்லிமாயினும், இது குறித்த சட்டத்தை அறிந்திருத்தல் அவசியமென நாம் கருதுகின்றோம்.

1883ஆம் ஆண்டின் தண்டனைச் சட்டக்கோவையின் 344ஆம் பிரிவின்படி, கடமையிலுள்ள அரசாங்க ஊழியரைத் தாக்குபவருக்கு 2 வருடங்கள் வரை சிறைத்தண்டனையோ, அபராதமோ, இரண்டுமோ விதிக்கப்படலாம். அடி விழுந்திருக்க வேண்டுமென்பதில்லை. அடி விழுமென்ற அச்சத்தை ஏற்படுத்தும் சைகையும் தாக்குதலே. காயம் ஏற்படின் தண்டனை மேலும் கடுமையாகும். ஐவர் அல்லது அதற்கு மேற்பட்டோர் சட்டவிரோத நோக்கத்துடன் கூடியிருந்தால், 146ஆம் பிரிவின் கீழ் ஒருவரின் செயலுக்கு அனைவரும் பொறுப்பாளிகளாகலாம். வேடிக்கை பார்க்கச் சென்று கூட்டத்தோடு சேர்ந்துகொள்ளும் இளைஞர்கள் இதனை மனதிற்கொள்ள வேண்டும்.

‘கைதே தவறு, ஆகவே எதிர்த்தோம்’ என்ற வாதம் எளிதில் எடுபடாது. அரசாங்க ஊழியர் நல்லெண்ணத்துடன் தமது பதவியின் பேரில் செய்யும் செயல் சட்டத்துக்கு முழுமையாக அமையாவிடினும், மரணமோ கொடுங்காயமோ நேருமென்ற நியாயமான அச்சம் இருந்தாலன்றித் தற்காப்புரிமை இல்லையென 92ஆம் பிரிவு கூறுகின்றது. வந்தவர் பொலிஸ் உத்தியோகத்தர் என்பதை அறியாதிருந்தவரின் நிலை வேறு. ஆயினும், தற்காப்பை நிரூபிக்கும் பொறுப்பு எதிரியையே சாரும்.

அதேவேளை, பொலிஸாருக்கும் கடப்பாடு உண்டு. கைதுக்கான காரணம் கூறப்பட வேண்டுமென அரசியலமைப்பின் 13(1)ஆம் உறுப்புரை பணிக்கின்றது. பிடியாணையின்றிக் கைதாகும் சந்தேக நபருக்குக் காரணத்தைத் தெரிவிக்க வேண்டுமென 1954இலேயே ‘கொரியா எதிர் மகாராணி’ வழக்கில் வலியுறுத்தப்பட்டது. 1979ஆம் ஆண்டின் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையும், தப்பியோடுவதைத் தடுக்கத் தேவையானதற்கு மேற்பட்ட பலத்தை அனுமதிப்பதில்லை.

புரியாத மொழியில் கூறப்படும் காரணம், கூறப்படாததற்குச் சமமாகும் என்பதே எமது நிலைப்பாடு. நோர்வூட் அப்போது அடங்கியிருந்த அம்பகமுவ பிரதேச செயலகப் பிரிவு, 1999ஆம் ஆண்டு இருமொழி நிர்வாகப் பிரிவாகப் பிரகடனப்படுத்தப்பட்டது. கால் நூற்றாண்டு கடந்த பின்னரும், தமிழ் பேசும் ஒருவருக்கு அவரது வீட்டு வாசலில் தமிழில் காரணம் கூற உத்தியோகத்தர் ஒருவர் இல்லாதிருப்பதற்கு எந்த நியாயமும் கிடையாது. பல கைகலப்புகளைத் தவிர்க்க அந்த ஒரு வாக்கியம் போதும்.

அநீதியான கைதுக்குப் பரிகாரம் நீதிமன்றத்திலேயே உண்டு. காரணத்தைக் கேளுங்கள், உத்தியோகத்தரின் பெயரையும் இலக்கத்தையும் குறித்துக்கொள்ளுங்கள். காயமிருந்தால் நீதிவானிடம் தெரிவியுங்கள். உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மீறல் மனுவை ஒரு மாதத்துக்குள் தாக்கல் செய்ய வேண்டும். அக்காலத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டால், அங்கு விசாரணை நிலுவையிலுள்ள காலம் அந்த ஒரு மாதத்தில் சேர்க்கப்படாது. சித்திரவதை நிரூபிக்கப்படின், 1994ஆம் ஆண்டின் 22ஆம் இலக்கச் சட்டம் குறைந்தது 7 வருடச் சிறையை விதிக்கின்றது. ஓங்கிய கை இந்தப் பரிகாரங்களையெல்லாம் பலவீனப்படுத்தி, முறைப்பாட்டாளராக நிற்க வேண்டியவரை எதிரிக் கூண்டில் நிறுத்திவிடும்.